‘பறிமுதல்’ என்னும் ஒரு சொல்: வண்டி பிடிபட்டால் எந்த மன்றத்தை நாடுவது?

தீர்வை செலுத்தாத சிகரெட்டுப் பெட்டிகளோடு ஒரு வேன் பிடிபடுகிறது. மறுநாள் நாளேட்டில் ‘வேன் பறிமுதல்’ என்று செய்தி வருகிறது. படிப்பவர் வண்டி போய்விட்டது என்றே கொள்கிறார். வண்டிக்கு உரியவரும் பெரும்பாலும் அவ்வாறே கொள்கிறார். ஆனால் சட்டத்தின் கண்ணில் அன்று நடந்தது பறிமுதல் அன்று. வண்டி அலுவலரின் கைக்குப் போயிருக்கிறது; அதன்மீதுள்ள உரிமை இன்னும் உரியவரிடமே இருக்கிறது. அவ்வுரிமை நீங்குவதற்கு முன் ஓர் இடைக்காலம் உண்டு. சுங்கச் சட்டத்தில் அது ஒரே மாதம். அந்த மாதத்திற்குள் உரியவர் உரிய இடத்தில் எழுத்தால் கோராவிட்டால், நாளேடு முன்கூட்டியே எழுதிய சொல் உண்மையாகிவிடும்.

மொழியியலாளராகிய நாம் சட்டத்துறைக்குள் நுழைவதற்கு இதுவே காரணம். அரசு அலுவலர் ஒரு வண்டியை எடுத்துச் செல்லும்போது எங்கே சென்று முறையிடுவது என்னும் கேள்விக்கு விடை, அவர் கொடுக்கும் தாளிலுள்ள இரண்டு மூன்று சொற்களில் அடங்கியிருக்கிறது. அச்சொற்களை நாம் தமிழில் ஒரே சொல்லாக்கிவிடுகிறோம். அதனால் பல வாசல்கள் ஒரே வாசலாகத் தோன்றுகின்றன. மலாக்கா மாநிலத்துத் தோட்டங்களிலும் பட்டணங்களிலும் ஒரு வேனோ லோரியோ ஒரு குடும்பத்தின் முழு வாழ்வாதாரமாக இருக்கக்கூடும். ஆகவே இது சொல்லாராய்ச்சி மட்டும் அன்று. சோற்றுக்கான ஆராய்ச்சியும் ஆகும்.

சொல் மறைக்கும் காலம்

‘பறிமுதல்’ என்பதன் அமைப்பை முதலில் நோக்குவோம். பறி என்னும் வினையடியும் முதல் என்னும் பெயரும் சேர்ந்த வினைத்தொகை அது. முதல் என்பது இங்கே பொருள், உடைமை. வினைத்தொகை காலங்காட்டும் உறுப்பை மறைத்து நிற்கும் என்பது மாணவர் அறிந்த இலக்கணம். ஊறுகாய் என்றால் ஊறிய காயும் ஊறுகின்ற காயும் ஊறும் காயும் அதனுள் அடங்கும். அவ்வாறே பறிமுதல் என்றால் பறித்த முதல், பறிக்கின்ற முதல், பறிக்கும் முதல் ஆகிய மூன்றும் அதனுள் அடங்கும்.

பேச்சு வழக்குக்கு இது குறையன்று. சட்டமோ காலத்தைத்தான் முதலில் கேட்கிறது. உரிமை போய்விட்டதா, போய்க்கொண்டிருக்கிறதா, இனிமேல் போகக்கூடுமா என்பதைப் பொறுத்தே வழக்காடும் இடமும் நாளும் மாறுகின்றன. காலத்தை மறைக்கும் சொல்லைக்கொண்டு காலத்தைக் கேட்கும் வினாவுக்கு விடை காண முடியாது.

மலாய் மொழிச் சட்ட வழக்கு இப்படிகளைத் தனித்தனிச் சொற்களால் பிரிக்கிறது. ‘தாஹான்’ என்பது தடுத்து வைத்தல். ‘சீத்தா’ என்பது சட்டப்படி கைப்பற்றல். நாளேடுகள் இதனையே ‘ரம்பாஸ்’ என்றும் எழுதும். ‘லூச்சுட் ஹாக்’ என்பது உரிமை கழன்றுபோதல். லூச்சுட் என்றால் கழலுதல். ஹாக் என்பது அரபியிலிருந்து மலாய்க்கு வந்த, உரிமை என்னும் பொருளுடைய சொல். சீத்தாவில் பொருள் கைமாறுகிறது. லூச்சுட் ஹாக்கில் உரிமை கைமாறுகிறது. இரண்டையும் தமிழில் ‘பறிமுதல்’ என்றே எழுதிவந்திருக்கிறோம். தமிழகத்து நீதிமன்ற வழக்கில் முதலாவது ‘கைப்பற்றுதல்’, இரண்டாவது ‘பறிமுதல்’ எனப் பிரித்து ஆளப்படுகின்றன. அங்கும் நாளேடுகள் அவ்வேறுபாட்டைப் பேணுவதில்லை.

எடுத்தவர் யார், எந்தச் சட்டத்தால்?

தோட்டப்புறப் பேச்சில் ‘காடியை இழுத்துக்கொண்டு போய்விட்டார்கள்’ என்ற ஒரு தொடர் எல்லாவற்றுக்கும் பயன்படும். இழுத்தவர் வங்கியின் ஆளா, நகராட்சியா, ஜேபிஜே எனப்படும் சாலைப் போக்குவரத்து இலாகாவா, போலீசா, சுங்கத் துறையா என்பதை அத்தொடர் சொல்லாது. ஆகவே முதற்கேள்வி எடுத்தவர் யார் என்பதே. இரண்டாவது கேள்வி எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவால் என்பது. தாளில் ‘ஆக்தா’ என்னும் சொல்லை அடுத்துச் சட்டத்தின் பெயரும் ஆண்டும் இருக்கும். ‘செக்‌ஷென்’ என்னும் சொல்லை அடுத்துப் பிரிவின் எண் இருக்கும். இவ்விரண்டையும் கண்டுகொண்டால் பாதி வழி தெரிந்துவிடும்.

முதலில் அரசுச் செயல் அல்லாததை ஒதுக்குவோம். தவணை கட்டத் தவறியதற்காக நிதி நிறுவனம் வண்டியை எடுப்பது ‘தாரிக்’ எனப்படும். அதனை ஆள்வது வாடகைக் கொள்முதல் சட்டம் 1967. தொடர்ந்து இரண்டு தவணை தவறிய பின்னரும், 21 நாளுக்குக் குறையாத எழுத்து அறிவிப்புக் கொடுத்த பின்னருமே வண்டியை எடுக்கலாம். முக்கால் பங்குக்கு மேல் செலுத்தியிருந்தால் நீதிமன்ற ஆணையும் வேண்டும். இவ்வழக்கு உரிமையியல் நீதிமன்றத்துக்கு உரியது. சுங்க அலுவலகத்திற்கோ போலீஸ் நிலையத்திற்கோ அலைவதால் பயனில்லை.

அடுத்தது ‘துண்டா’. வழியை மறித்து நிறுத்திய வண்டியை இழுத்து அகற்றுதல் இது. மலாக்கா பட்டணத்தில் வரலாற்று மாநகராட்சியும், அலோர் காஜா, ஜாசின் பகுதிகளில் அவ்வவ்விடத்து நகராட்சிகளும் இதனைச் செய்யலாம். கட்டணம் செலுத்தி வண்டியை மீட்பது அலுவலகத்தில். குற்றமே இல்லை என்று மறுப்பது மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில். உரிமையைப் பற்றிய கேள்வி இங்கு எழுவதில்லை.

மூன்றாவது, சாலைப் போக்குவரத்துச் சட்டம் 1987. அதன் 64ஆம் பிரிவு உரிமம், சாலை வரி முதலிய குறைகள் உள்ள வண்டியைக் கைப்பற்ற இடந்தருகிறது. தாளில் ‘சீத்தா’ என்றே எழுதியிருந்தாலும், பெரும்பாலும் குறையை நிறைவு செய்து ஆவணங்களைக் காட்டி வண்டியை மீட்கலாம். அதே வேன், அதே சாலையில், உரிமமின்றிக் கட்டணத்திற்குப் பயணிகளை ஏற்றியதாகப் பிடிபட்டால் தரைப் பொதுப் போக்குவரத்துச் சட்டம் 2010இன் 80ஆம் பிரிவு வந்துவிடும். அப்போது செய்தி வேறு, இடர் வேறு. ‘சீத்தா’ என்ற சொல்லை மட்டும் பார்த்து, பக்கத்து வீட்டுக்காரருக்கு நடந்ததே நமக்கும் நடக்கும் என்று எண்ணக்கூடாது.

நான்காவது, போலீசார் ஒரு குற்றப் புலனாய்வுக்காக எடுத்த வண்டி. அதனைப் ‘பாராங் கேஸ்’, அதாவது வழக்குப் பொருள் என்பர். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 413ஆம் பிரிவின்படி, திருட்டுப் பொருள் என்றோ குற்ற ஐயத்துக்குரியது என்றோ போலீசார் கைப்பற்றியதை உடனே மாஜிஸ்திரேட்டுக்குத் தெரிவிக்க வேண்டும். அதனைப் பெற உரியவரிடம் ஒப்படைப்பது பற்றி மாஜிஸ்திரேட் ஆணையிடலாம். வழக்கு விசாரணைக்கு வந்துவிட்டால், 407ஆம் பிரிவின்படி விசாரிக்கும் நீதிமன்றமே சான்றுப் பொருளை என்ன செய்வது என முடிவு செய்யும். கீழ் நீதிமன்றத்தின் ஆணை முறையாக அமைந்ததா என்று பார்க்க உயர் நீதிமன்றத்துக்கு 323ஆம் பிரிவில் மேற்பார்வை அதிகாரம் உண்டு.

ஐந்தாவது, பணமோசடித் தடுப்புக்கான 2001ஆம் ஆண்டுச் சட்டம். இங்கு யார்மீதும் வழக்கு இல்லாவிட்டாலும், கைப்பற்றிய நாளிலிருந்து 12 மாதத்திற்குள் அரசு வழக்குரைஞர் உயர் நீதிமன்றத்தை நாடி உரிமையிழப்பு ஆணை கேட்கலாம். தொடர்பில்லாத மூன்றாமவர் தம் உரிமையை அந்நீதிமன்றத்தில் வந்து மெய்ப்பிக்க 61ஆம் பிரிவு இடந்தருகிறது.

ஆறாவதாக நிற்பது சுங்கச் சட்டம் 1967. காலம் மிகக் குறுகியதும், தமிழ்ச் சொல் மிகுந்த கேடு செய்வதும் இங்கேதான். ஆகவே இதனைச் சற்று விரித்துக் காண்போம்.

சுங்கச் சட்டத்தின் ஒரு மாதம்

ஓர் எடுத்துக்காட்டைக் கற்பனையாக அமைத்துக்கொள்வோம். ஜாசின் வட்டாரத் தோட்டம் ஒன்றில் வாழும் ஓர் அம்மையார், பிள்ளைகளைப் பள்ளிக்கு ஏற்றிச் செல்ல ஒரு வேன் வைத்திருக்கிறார். ஒரு சனிக்கிழமை இரவு அவருடைய அக்காள் மகன் அதனை இரவல் வாங்கிப் போகிறான். மார்ச் 4ஆம் நாள் விடியற்காலையில் சுங்க அலுவலர் வண்டியை நிறுத்தி, உள்ளே தீர்வை செலுத்தாத சிகரெட்டு இருப்பதைக் கண்டு, சிகரெட்டையும் வேனையும் கைப்பற்றுகின்றனர். அம்மையார் அவ்விடத்தில் இல்லை.

114ஆம் பிரிவு குற்றத்திற்குரிய சரக்கை மட்டுமன்றி, அதனை ஏற்றிச் சென்ற ஊர்தியையும் கைப்பற்ற இடந்தருகிறது. உரிமையாளர் யார் என்று தெரிந்தால் அவருக்குக் காரணத்தோடு எழுத்து அறிவிப்புத் தரவேண்டும் என்றும் அது சொல்கிறது. ஆனால் ஒரு விலக்கு உண்டு. குற்றஞ்செய்தவர், உரிமையாளர், அவருடைய முகவர் ஆகியோரில் ஒருவர் முன்னிலையில் கைப்பற்றல் நடந்திருந்தால் தனி அறிவிப்புத் தேவையில்லை. அக்காள் மகன் முன்னிலையில் நடந்தது அது. ஆகவே அம்மையாரின் வீட்டுக்கு எந்தக் கடிதமும் வராமலே போகலாம். ‘கடிதம் வரட்டும், பார்க்கலாம்’ என்று காத்திருப்பது இவ்விடத்தில் பெருந்தவறு.

இனி வழி இரண்டாகப் பிரிகிறது. குற்றவழக்குத் தொடரப்பட்டால், 127ஆம் பிரிவின்படி அவ்வழக்கை விசாரிக்கும் நீதிமன்றமே வண்டியை விடுவிப்பதா, உரிமையிழக்கச் செய்வதா என்று ஆணையிடும். அம்மையார் குற்றஞ்சாட்டப்பட்டவர் அல்லர். ஆயினும் வண்டி தம்முடையது என்பதை அந்நீதிமன்றத்தின் முன் வழக்கறிஞர் வழியே வைக்க வேண்டியவர் அவரே.

குற்றவழக்கு இல்லையென்றால் 128ஆம் பிரிவு வேலை செய்கிறது. கைப்பற்றிய நாளிலிருந்து ஒரு நாட்காட்டி மாதம் முடியும்போது, யாரும் கோராத பொருள் தானாகவே உரிமையிழந்ததாகக் கருதப்படும். நீதிபதி வேண்டா, விசாரணை வேண்டா, ஆணையும் வேண்டா. நாள் கடந்தாலே போதும். மார்ச் 4இல் பிடிபட்ட வேனுக்கு, ஏப்ரல் 3ஆம் நாளுக்குள் கோரிக்கை அலுவலரின் கையில் சேர்ந்திருக்க வேண்டும் எனக் கணக்கிடுவதே பாதுகாப்பு. அஞ்சலில் இடப்பட்ட நாளை நம்புவதைவிட நேரில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கான முத்திரையை நகலில் வாங்கிக்கொள்வது நன்று.

கோரிக்கையை யாரிடம் கொடுப்பது? நீதிமன்றத்தில் அன்று, மூத்த சுங்க அலுவலரிடம். பலர் இடறும் இடம் இது. உரியவர் தாமாகவோ, தாம் எழுத்தால் அமர்த்திய முகவர் வழியாகவோ கோரலாம். அலுவலர் அக்கோரிக்கையைத் தலைமை இயக்குநருக்கு அனுப்புவார். அவர் வண்டியை விடுவிக்கச் சொல்லலாம். அல்லது மாஜிஸ்திரேட்டின் முடிவுக்கு அனுப்பச் சொல்லலாம். அதன்பின் மாஜிஸ்திரேட் உரியவரையும் யாரிடமிருந்து வண்டி கைப்பற்றப்பட்டதோ அவரையும் அழைத்து விசாரிப்பார். ஆக, மன்றம் மாஜிஸ்திரேட் நீதிமன்றம். அதற்குள் புகும் வாசல் சுங்க அலுவலகம். நேரே நீதிமன்றத்துக்குப் போய் அங்கே திருப்பி அனுப்பப்படுபவர் அந்த ஒரு மாதத்தின் சில நாள்களை இழந்துவிடுகிறார்.

விசாரணையில் எது கேட்கப்படும் என்பதையும் அறிந்திருப்பது நல்லது. சுங்கக் குற்றம் நடந்ததா, இவ்வண்டி அதற்குப் பயன்பட்டதா என்பவையே சட்டத்தின் சொற்களில் உள்ள கேள்விகள். யாரும் தண்டனை பெறாவிட்டாலும் இவ்விரண்டும் மெய்ப்பிக்கப்பட்டால் உரிமையிழப்பு வரலாம். ‘எனக்குத் தெரியாது’ என்னும் ஒரு சொல் மட்டும் வண்டியைக் காக்கும் என்று நம்பக்கூடாது. சட்டம் வண்டியின் பயன்பாட்டை நோக்குகிறது. உரியவரின் மனத்தை அன்று. கேட்பதற்குக் கடுமையானதே. ஆனால் இக்கடுமையை முன்னரே அறிந்தவர்தான் அலுவலகப் படியிலேயே, தலைமை இயக்குநரின் விருப்பதிகாரம் இன்னும் திறந்திருக்கும்போதே, தம் சான்றுகளை முழுமையாக வைப்பார்.

வண்டி தவணையில் வாங்கப்பட்டதாயின் இன்னொன்றும் செய்ய வேண்டும். பதிவு ஆவணத்தில் நிதி நிறுவனத்தின் உரிமைக் குறிப்பு இருக்கும். சட்டப்படி உரிமையாளர் அந்நிறுவனமே. ஆகவே பிடிபட்ட செய்தியை அதே வாரத்தில் அந்நிறுவனத்துக்கு எழுத்தால் தெரிவித்து, அதன் கோரிக்கையும் காலத்தில் போகுமாறு பார்த்துக்கொள்ள வேண்டும். கடனைப் பற்றிய அச்சத்தால் செய்தியை மறைப்பவர், தமக்குத் துணைவரக்கூடியவரையே வெளியே நிறுத்திவிடுகிறார்.

இடத்தைப் பற்றியும் ஒரு சொல். நம் மாநிலம் சிறியது. புலாவ் செபாங் மலாக்காவில் இருக்கிறது. ஒட்டியுள்ள தம்பின் நெகிரி செம்பிலானில் இருக்கிறது. மெர்லிமாவிலிருந்து மூவார் போனால் அது ஜொகூர். வண்டி எங்கே வாழ்கிறது என்பதன்று, எங்கே எந்த அலுவலரால் பிடிபட்டது என்பதே கோரிக்கை போகும் அலுவலகத்தைக் காட்டும்.

கோரிக்கையும் வேண்டுகோளும்

நாள் தவறாமல் கடிதம் கொடுத்தும் சிக்கலுக்கு உள்ளாகும் வாய்ப்பு ஒன்று உண்டு. அது கடிதத்தின் வகையைப் பற்றியது.

தோட்ட வாழ்க்கை நமக்குப் பழக்கிய எழுத்து வடிவம் மனு. வீடு ஒழுகினால் மேலாளருக்கு மனு. பிள்ளைக்கு உதவிப்பணம் வேண்டுமென்றால் அலுவலகத்துக்கு மனு. அதன் நடை பணிவு நடை. அதன் வாதம் இரக்கம். மலாயில் இதனைச் ‘சூராட் ராயுவான்’ என்பர். வேன் பிடிபட்டாலும் நம்மவர் கை இயல்பாக அதே கடிதத்தையே எழுதுகிறது: நடந்ததற்கு மன்னிக்க வேண்டும், பிள்ளைகள் சிறியவர்கள், வேறு வருவாய் இல்லை, தயைகூர்ந்து விடுவிக்க வேண்டும்.

128ஆம் பிரிவு கேட்பது இதுவன்று. அது கேட்பது ‘துன்துத்தான்’, அதாவது உரிமைக் கோரிக்கை. ஆசிரியர்களுக்கு இச்சொல் புதிதன்று. கல்வி தேடுதலை மலாயில் ‘மெனுன்துத் இல்மு’ என்பர், மாணவர் ‘பெனுன்துத்’. தமக்குரியதை நாடிப் பெற முனைதல் அதன் அடிப்பொருள். ராயு என்பதன் அடிப்பொருளோ நயந்து வேண்டுதல். முன்னது உரிமையின் மொழி. பின்னது அருளின் மொழி.

குழப்பம் கூடுவதற்கு மலாயிலேயே ஒரு காரணமும் உண்டு. மேல்முறையீட்டு நீதிமன்றத்தை ‘மஹ்காமா ராயுவான்’ என்று அழைக்கிறோம். ஆகவே ராயுவான் என்று தலைப்பிட்டு எழுதினாலே அது சட்டப்படியான முறையீடு என்று எண்ணத் தோன்றும். நீதிமன்றத் தீர்ப்புக்கு எதிரான ராயுவான் வேறு. அலுவலரிடம் இரக்கம் கேட்கும் ராயுவான் வேறு. தீர்ப்பே வராத நிலையில் முன்னதற்கு இடமில்லை.

இரக்கக் கடிதத்தில் ‘நடந்த தவற்றுக்கு வருந்துகிறேன்’ என்று எழுதிவிட்டு, வண்டி உரிமையிழக்கத் தக்கதன்று என்ற ஒரு வரியை எழுதாமல் விட்டால், அது கோரிக்கையே அன்று என வாதிட இடமாகிவிடும். ஆகவே கோரிக்கையில் நான்கு செய்திகள் தெளிவாக இருக்க வேண்டும். வண்டியின் பதிவெண்ணும் அது கைப்பற்றப்பட்ட நாளும் இடமும். எழுதுபவர் அதன் உரிமையாளர் என்பது. வண்டி உரிமையிழக்கத் தக்கதன்று என்பது. சுங்கச் சட்டம் 1967இன் 128ஆம் பிரிவின்கீழ் அதனைக் கோருகிறார் என்பது. ‘சாயா மெனுன்துத் கெண்டெராஆன் இனி’, ‘இவ்வண்டியைக் கோருகிறேன்’ என்னும் வினைமுற்று அக்கடிதத்தின் உயிர். இரக்கம் வேண்டினால் அதனைத் தனிக் கடிதமாக எழுதலாம். ஒன்றை மற்றொன்றின் இடத்தில் வைக்கக்கூடாது.

உயர் நீதிமன்றத்தின் வாசல்

‘நேரே ஹைகோர்ட்டுக்குப் போய்விடலாம்’ என்று சொல்பவரும் உண்டு. ஆயர் குரோவிலுள்ள மலாக்கா நீதிமன்ற வளாகத்தில் உயர் நீதிமன்றமும் இருக்கிறது. அதற்கு அரசு அலுவலரின் செயலை ஆராயும் அதிகாரமும் உண்டு. மலாயில் அதனைச் ‘செமாக்கான் கெஹாக்கிமான்’ என்பர். தமிழில் நீதிமுறைச் சீராய்வு எனலாம். மாணவரின் பயிற்சி ஏட்டைத் திருத்துவதும் ‘செமாக்’தான். ஆசிரியர் மாணவருக்காகக் கணக்கைப் புதிதாகப் போட்டுக் கொடுப்பதில்லை. போட்ட முறை சரியா என்று பார்க்கிறார். சீராய்வும் பெரிதும் அத்தகையதே. அலுவலருக்கு அதிகாரம் இருந்ததா, சட்டம் சொன்ன முறையைப் பின்பற்றினாரா, பகுத்தறிவுக்குப் பொருந்த முடிவு செய்தாரா என்பவற்றை அது ஆராயும். சிகரெட்டு வேனுக்குள் எப்படி வந்தது என்னும் சாட்சி விசாரணைக்கு அது ஏற்ற இடம் அன்று.

2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 53ஆம் ஆணைப்படி, இதற்கு முதலில் நீதிமன்றத்தின் அனுமதி பெறவேண்டும். முடிவு தெரிவிக்கப்பட்டதிலிருந்து மூன்று மாதத்திற்குள் விண்ணப்பிக்கவும் வேண்டும். மேலும், சட்டமே வேறொரு வழியைத் தந்திருக்கும்போது அதனை விட்டுச் சீராய்வுக்கு வருவதை நீதிமன்றம் எளிதில் ஏற்பதில்லை. மலேசிய அரசு – ஜக்டிஸ் சிங் என்னும் வரி வழக்கில் 1987இல் அன்றைய உச்ச நீதிமன்றம் இதனைத் தெளிவாக்கியது. அதிகாரமே இல்லாமை, சட்டக் கடமையை வெளிப்படையாகக் கைவிடல், இயற்கை நீதியைக் கடுமையாக மீறல் போன்ற விதிவிலக்கான நிலைகளில்தான் மாற்று வழி இருந்தும் சீராய்வு கிடைக்கும். ஆகவே சுங்க அலுவலரிடம் கோரிக்கை கொடுத்தும் அவர் அதனை மேலே அனுப்பவே மறுத்தால் உயர் நீதிமன்றத்தை நாடலாம். கோரிக்கையே கொடுக்காமல் அங்கே போவது, முன்வாசல் திறந்திருக்கக் கூரை ஏறுவதாகும்.

உரிமையியல் வழக்கு இன்னொரு வழி. தவறான கைப்பற்றலால் நேர்ந்த இழப்புக்கு அது உரியது. பொது அதிகாரிகள் பாதுகாப்புச் சட்டம் 1948 அதற்கு 36 மாத எல்லை வகுக்கிறது. ஆனால் வண்டியை உடனே மீட்கும் வழியாக அதனை நம்பக்கூடாது. அரசு நடவடிக்கைகள் சட்டம் 1956இன் 29ஆம் பிரிவின்படி, அத்தகைய வழக்கில் பொருளை ஒப்படைக்குமாறு நீதிமன்றம் அரசுக்கு ஆணையிடாது. வழக்காடியே அதற்கு உரியவர் என்று அறிவிக்க மட்டும் செய்யலாம்.

எனவே ஒரே நிகழ்ச்சியிலிருந்து மூன்று கடிகாரங்கள் ஓடத் தொடங்குகின்றன: ஒரு மாதம், மூன்று மாதம், 36 மாதம். ‘அரசுமேல் வழக்குப் போட மூன்றாண்டு இருக்கிறது’ என்று யாரோ சொன்னது உண்மைதான். அதை நம்பி முதல் மாதத்தை விட்டவருக்கு, வழக்காட நாள் மிஞ்சும். கோர வண்டி மிஞ்சாது. எப்போதும் மிகச் சிறிய எண்ணையே முதலில் பார்க்க வேண்டும்.

பிற நாடுகளில்

கோரிக்கைக்கும் வேண்டுகோளுக்கும் உள்ள இவ்வேறுபாடு நம் நாட்டுக்கு மட்டும் உரியதன்று. பிரிட்டனின் 1979ஆம் ஆண்டுச் சுங்க, கலால் மேலாண்மைச் சட்டத்தின் மூன்றாம் அட்டவணையும் கோரிக்கைக்கு ஒரு மாதமே தருகிறது. அங்கும் கைப்பற்றல் செல்லுமா என்பது மாஜிஸ்திரேட் நீதிமன்றத்துக்கு உரியது. இரக்கத்தாலோ பிற காரணத்தாலோ திருப்பித் தரவேண்டும் என்பது அலுவலரிடமும் பின்னர்த் தீர்ப்பாயத்திடமும் போகும் வேறு வழி. முதல் வழியை விட்டவர் இரண்டாம் வழியில் வந்து, ‘பொருள் சட்டப்படி கைப்பற்றப்படவே இல்லை’ என்று புதிதாக வாதிட முடியாது என 2011இல் ஜோன்ஸ் வழக்கில் அங்குள்ள மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்த்தது.

இந்தியாவில் காலத்தின் கேடு வேறொரு முகம் காட்டியது. போலீஸ் நிலைய வாசல்களில் வண்டிகள் ஆண்டுக்கணக்கில் வெயிலிலும் மழையிலும் துருப்பிடித்தன. சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் – குஜராத் அரசு வழக்கில் 2002இல் இந்திய உச்ச நீதிமன்றம் இதனைக் கண்டித்தது. படம் எடுத்துப் பதிவு செய்துகொண்டு, உரிய பிணையும் உறுதியும் பெற்று, வண்டியை விரைவில் இடைக்காலப் பொறுப்பில் ஒப்படைப்பது பற்றி மாஜிஸ்திரேட்டுகள் ஆணையிட வேண்டும் என்றது. தமிழகத்து நீதிமன்றங்களில் வண்டி கேட்டு வருவோர் இன்றும் இத்தீர்ப்பை நாடுகின்றனர். ஆயினும் அங்கும் பொது வழி ஒன்று, சிறப்புச் சட்டங்களின் வழி பல. ஆற்றுமணல் கடத்தலில் பிடிபட்ட லோரிக்குக் கனிமச் சட்டத்தின் சிறப்பு நீதிமன்றம், சாராயத்தில் பிடிபட்டதற்கு மதுவிலக்குச் சட்டத்தின் நடைமுறை என வாசல்கள் மாறும். இந்தியத் தீர்ப்பு நம் மாஜிஸ்திரேட்டைக் கட்டுப்படுத்தாது. எனினும் எந்தச் சட்டம் என்று முதலில் கேள் என்னும் பாடம் இரு நாட்டுக்கும் பொது.

வகுப்பறைக்கு

நம் பரிந்துரை எளியது. ‘தாஹான்’ என்பதைத் தடுத்து வைத்தல் என்போம். ‘சீத்தா’ என்பதைக் கைப்பற்றல் என்போம். ‘லூச்சுட் ஹாக்’ என்பதற்கு மட்டும் பறிமுதல் என்பதை ஒதுக்குவோம். ‘துன்துத்தான்’ உரிமைக் கோரிக்கை. அலுவலருக்கு எழுதும் ‘ராயுவான்’ வேண்டுகோள். நீதிமன்ற ‘ராயுவான்’ மேல்முறையீடு. புதுச்சொல் எதுவும் தேவையில்லை. இருக்கும் சொற்களை அவற்றுக்குரிய இடத்தில் வைத்தால் போதும். செய்தி எழுதுவோரும் ‘வேன் கைப்பற்றப்பட்டது’ என்று எழுதத் தொடங்கினால், உரியவர் அச்செய்தியில் தமக்கு இன்னும் நாள் இருப்பதைக் காண்பார்.

இடைநிலைப்பள்ளி ஆசிரியர்கள் இதனை ஒரு பாடவேளைப் பயிற்சியாக்கலாம். ஆசிரியரே அமைத்த ஒரு மாதிரி அறிவிப்பை மாணவரிடம் கொடுத்து ஐந்து கேள்விகள் கேட்கலாம். எடுத்தவர் யார்? எந்த ஆக்தா, எந்தச் செக்‌ஷென்? எந்த நாள், எந்த இடம்? வினைச்சொல் எது? பதில் யாரிடம், எந்நாளுக்குள் போகவேண்டும்? மலாய் நன்கு கற்ற பதினைந்து வயது மாணவர், வீட்டில் அத்தாளைப் படிக்கத் தெரிந்த ஒரே ஆளாகவும் இருக்கலாம்.

அதற்கு மேற்பட்டது வழக்கறிஞரின் பணி. வசதி குறைந்தோர் சட்ட உதவி இலாகாவையும், வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்தையும் அணுகலாம். நீதிமன்ற நடவடிக்கையும் ஆவணங்களும் தேசிய மொழியில் அமையும். தமிழில் சாட்சி சொல்பவருக்கு மொழிபெயர்ப்பாளர் உண்டு. வழக்கறிஞரிடம் போகும்போது அறிவிப்புத் தாள், பதிவு ஆவணம், தவணை ஒப்பந்தம், கைப்பற்றப்பட்ட நாளைக் குறித்துக்கொண்ட ஒரு துண்டுத்தாள் ஆகியவற்றைக் கொண்டு செல்ல வேண்டும். அவர் முதலில் கேட்பது அந்த நாளைத்தான்.